சோவியத் நீர்மூழ்கிகள் வேகத்தில் முந்தியும் கடலடியில் பின்தங்கியது ஏன்?

உங்கள் கேள்வியைச் சுருக்கினால் இப்படி வருகிறது. சோவியத் யூனியன் கட்டிய அணுசக்தி நீர்மூழ்கிகள் அமெரிக்காவினுடையவற்றைவிட வேகமாக ஓடின, ஆழமாக இறங்கின, எண்ணிக்கையிலும் அதிகமாக இருந்தன. அப்படியிருக்க, பனிப்போர்க் காலத்தில் கடலடியில் அமெரிக்காவின் கையே ஓங்கியிருந்தது என்று ஏன் எழுதுகிறார்கள்? ஜான் வாக்கர் என்ற உளவாளியும், ஜப்பானிய நிறுவனம் ஒன்று விற்ற இயந்திரங்களும் இல்லாவிட்டால் சோவியத் கடற்படை கடைசிவரை பின்தங்கியே இருந்திருக்குமா? இவற்றோடு இந்தியாவைப் பற்றியும் ஒரு வரி கேட்டிருக்கிறீர்கள். தண்ணீருக்கு அடியில் மேன்மையை எதைக் கொண்டு அளப்பது என்பதுதான் உங்கள் கேள்வியின் மையம். வேகத்தையும் ஆழத்தையும் கொண்டு அளந்தால் சோவியத் தரப்பே முன்னணி. எதிரியின் சத்தத்தை யார் முதலில் கேட்டார்கள் என்று அளந்தால், ஏறத்தாழ முதல் முப்பது ஆண்டுகள் அமெரிக்கா முன்னணி. கடலுக்கடியில் இரண்டாவது அளவுகோலுக்குத்தான் மதிப்பு அதிகம்.

நான் நீரடி ஒலியியல் படித்தவன். ஹைட்ரோஃபோன்கள் எனப்படும் நீரடி ஒலிவாங்கிகளில் பதிவாகும் ஒலியைப் பகுத்தாய்வதிலேயே என் பணிக்காலத்தின் பெரும்பகுதி கழிந்தது. நீர்மூழ்கியில் பணியாற்றிய மாலுமி அல்லன். ஆகவே ஒலி சம்பந்தப்பட்டதை உறுதியோடு சொல்வேன். கப்பல்களின் வரலாற்றைப் பொறுத்தவரை, வெளியான ஆவணங்களும் இரு தரப்பு அதிகாரிகளின் வாக்குமூலங்களும் ஒத்துப்போகும் இடங்களில் மட்டுமே அந்த உறுதி எனக்கு உண்டு. ஒத்துப்போகாத இடங்களை அங்கங்கே சொல்லிவிடுகிறேன்.

இரண்டாம் உலகப்போர் காலத்து நீர்மூழ்கி, தேவைப்படும்போது மட்டும் மூழ்கக்கூடிய ஒரு கப்பல்தான். டீசல் இயந்திரத்துக்குக் காற்று வேண்டும். மூழ்கிய பிறகு மின்கலங்களை நம்பித்தான் ஓட வேண்டும். அவை தீர்ந்ததும் மேலே வந்தாக வேண்டும், அல்லது மூச்சுக்குழாயையாவது நீட்டியாக வேண்டும். அந்த நேரத்தில்தான் விமானங்கள் அதைப் பிடித்தன. அணு உலைக்குக் காற்று தேவையில்லை. ஹைமன் ரிக்கோவர் என்ற அமெரிக்கக் கடற்படை அதிகாரி இதைப் பிடிவாதமாகப் பற்றிக்கொண்டார். ஐடஹோ மாநிலத்தின் வறண்ட நிலத்தில், ஒரு கப்பல் உடற்பகுதிக்குள்ளேயே மாதிரி உலையைக் கட்டி 1953இல் இயக்கிப் பார்த்தார். உலை கப்பலுக்குள் அடங்குமா என்ற கேள்வியைக் கடலுக்குப் போகும் முன்பே தீர்த்துவிட வேண்டும் என்பது அவர் எண்ணம். 1955 ஜனவரி 17 அன்று அமெரிக்காவின் முதல் அணு நீர்மூழ்கியான நாட்டிலஸ் அணுசக்தியில் புறப்பட்டது. அந்த ஆண்டே கனெடிகட்டிலிருந்து போர்ட்டோ ரிக்கோவுக்குச் சுமார் 90 மணி நேரம் மேலே வராமலேயே சென்றது. 1958 ஆகஸ்ட் 3 அன்று பனிக்கட்டிக்கு அடியில் வடதுருவத்தைக் கடந்தது. சோவியத்தின் முதல் அணு நீர்மூழ்கியான கே-3, அதற்கு ஒரு மாதம் முன்பு, 1958 ஜூலை 4 அன்றுதான் முதன்முதலாக அணுசக்தியில் ஓடியது. இரண்டு உலைகள் கொண்ட அது நாட்டிலஸைவிட வேகமானது. தொடங்கிய நாளிலிருந்தே இரு நாடுகளின் பாதைகளும் வேறாக இருந்தன.

இனி ஒலிக்கு வருகிறேன். கடல்நீரில் ஒளி சில நூறு மீட்டருக்குள் மங்கிவிடும். வானொலி அலைகளில் மிகத் தாழ்ந்த அதிர்வெண் கொண்டவை மட்டுமே கொஞ்சம் உள்ளே இறங்கும். ஒலியோ நொடிக்கு ஏறத்தாழ 1,500 மீட்டர் வேகத்தில், தாழ்ந்த அதிர்வெண்ணில் மிகக் குறைந்த இழப்போடு செல்லும். கீழே போகப் போக வெப்பம் குறைவதால் ஒலியின் வேகம் குறைகிறது. இன்னும் கீழே அழுத்தம் கூடுவதால் வேகம் மறுபடி கூடுகிறது. இரண்டுக்கும் இடையே, மித வெப்பக் கடல்களில் சுமார் 1,000 மீட்டர் ஆழத்தில், வேகம் மிகக் குறைவாக உள்ள ஓர் அடுக்கு இருக்கிறது. வேகம் குறைந்த பக்கமாக வளைவது ஒலியின் இயல்பு. அதனால் அந்த அடுக்குக்குள் புகுந்த ஒலி, வாய்க்காலில் விட்ட தண்ணீர்போல மேலும் கீழும் சிதறாமல் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் ஓடும். இந்த ஒலி வாய்க்காலை 1944இல் மாரிஸ் யூவிங் அட்லாண்டிக்கில் வெடிவைத்து நிரூபித்தார். சில ஆண்டுகளில் சோவியத் இயற்பியலாளர் லியோனித் பிரெகோவ்ஸ்கிக் ஜப்பான் கடலில் அதையே தனியாகக் கண்டறிந்தார். அறிவியல் இரு தரப்பிலும் சமமாகவே இருந்தது என்பதை இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். சோவியத் ஒலியியலாளர்கள் எவருக்கும் சளைத்தவர்கள் அல்லர்.

வேறுபாட்டை உண்டாக்கியது புவியியல். அமெரிக்கா 1952இல் பஹாமாஸின் எலூதெரா தீவுக்கு அருகே கடற்படுகையில் ஹைட்ரோஃபோன் வரிசை ஒன்றைப் பதித்தது. அது வெற்றி பெற்றதும் இரு பெருங்கடல்களின் ஓரங்களிலும் அவற்றைப் பரப்பியது. சோசஸ் என்று பெயர்பெற்ற இந்த வலையின் உண்மைப் பணி 1991 வரை இரகசியமாகவே வைக்கப்பட்டிருந்தது. அமெரிக்காவும் அதன் கூட்டாளிகளும் ஆழ்கடலை நேராகப் பார்க்கும் கரைகளை வைத்திருந்தார்கள். சோவியத்தின் கரைகளோ ஆழமற்ற பாரன்ட்ஸ் கடலையும், பனி மூடிய நீர்ப்பரப்புகளையும், பிறர் காவல் காக்கும் நீரிணைகளுக்குப் பின்னால் அடைபட்ட கடல்களையும்தான் பார்த்தன. அங்கே ஒலி வாய்க்காலில் காதை வைக்க நல்ல இடம் கிடையாது. 1962 ஜூலையில் கரீபியத் தீவான பார்படோஸில் இருந்த நிலையம், நார்வேக்கு மேற்கே சென்ற ஒரு சோவியத் அணு நீர்மூழ்கியின் ஒலியைப் பிடித்தது. பெருங்கடலின் இரண்டு மூலைகளுக்கு இடைப்பட்ட தூரம் அது.

நான் சொல்ல வருவதில் முக்கியமானது இனிமேல்தான். அந்த வலை எதிரியின் கப்பலை மட்டும் கேட்கவில்லை, தன் கப்பலையும் கேட்டது. 1961இல் ஐரோப்பாவுக்குச் சென்ற தங்கள் ஏவுகணை நீர்மூழ்கி ஜார்ஜ் வாஷிங்டனை அமெரிக்கர்கள் அதே சோசஸ் மூலம் அட்லாண்டிக் நெடுகத் தொடர்ந்தார்கள். தங்கள் கப்பல் எவ்வளவு சத்தம் போடுகிறது, எந்தக் கருவி போடுகிறது என்பது அவர்களுக்கு வீட்டிலிருந்தபடியே தெரிந்துபோனது. சோவியத் பொறியாளர்களிடம் அந்த அளவுக்கு நல்ல காது இல்லாததால், தங்கள் கப்பல்கள் எவ்வளவு தூரத்துக்குக் கேட்கின்றன என்று உணர்வதற்கு வழியில்லை. அமைதி அமெரிக்காவுக்குக் கைகூடியதற்கு முதல் காரணம் அதன் கப்பல்தளம் அன்று, அதன் கேட்கும் வலைதான் என்பது என் முடிவு.

அணு நீர்மூழ்கி ஏன் சத்தம் போடுகிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். டீசல் நீர்மூழ்கி மின்கலத்தில் ஓடும்போது ஏறக்குறைய ஊமை. அணு உலையையோ நினைத்தபோது நிறுத்திவைக்க முடியாது; குளிர்விக்கும் நீரைச் சுற்றவைக்கும் பம்புகள் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். நீராவி டர்பைன் மிக வேகமாகச் சுழலும், புரொப்பெல்லர் மெதுவாகச் சுழல வேண்டும். இரண்டுக்கும் நடுவே உள்ள கியர் சக்கரங்களின் ஒவ்வொரு பல்லும் ஒலி எழுப்பும். புரொப்பெல்லர் வேகம் கூடினால் இதழ்களின் விளிம்பில் நீர் ஆவியாகிக் குமிழிகள் உண்டாகி உடையும். அந்த இரைச்சல் எல்லாவற்றையும் விஞ்சும். இவற்றில் பம்பும் கியரும் எழுப்பும் ஒலிகள் ஆய்வாளரின் தாளில் மெல்லிய நேர்கோடுகளாக விழும். கோடுகளின் இடைவெளியைக் கொண்டு கப்பல் எந்த வகை என்று சொல்லிவிடலாம். மின்சாரத்தின் அதிர்வெண்கூடக் காட்டிக்கொடுக்கும். அமெரிக்கக் கப்பல்களில் 60 ஹெர்ட்ஸ், சோவியத் கப்பல்களில் 50 ஹெர்ட்ஸ்.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. ஒலி எல்லாத் திசையிலும் சமமாகப் பரவுவதாக எடுத்துக்கொண்டால், கப்பலின் ஒலியை 20 டெசிபல் (ஒலியளவின் அலகு) குறைத்தால் அது கேட்கும் தூரம் பத்தில் ஒன்றாகச் சுருங்கும். 100 கிலோமீட்டரில் கேட்டது 10 கிலோமீட்டருக்கு வந்தால்தான் கேட்கும். வேகத்தை 10 நாட் (ஒரு நாட் மணிக்குச் சுமார் 1.85 கிலோமீட்டர்) கூட்டுவதால் கிடைக்கும் எந்த நன்மையும் இதற்கு ஈடாகாது. போதாததற்கு, வேகமாக ஓடும் கப்பல் தன் உடலை உரசும் நீரின் இரைச்சலில் தன் காதையும் இழக்கிறது.

அமெரிக்கர்கள் டர்பைனையும் கியரையும் கப்பலின் உடலில் நேராகப் பொருத்தாமல், ரப்பர் தாங்கிகள் மீது அமர்ந்த ஒரு மேடையில் வைத்தார்கள். 1961இல் படையில் சேர்ந்த திரெஷர் இந்த வகையின் முதல் கப்பல். 1969இல் வந்த நார்வால், குறைந்த வேகத்தில் பெரிய பம்புகள் இல்லாமல் நீரின் இயற்கைச் சுழற்சியாலேயே உலையைக் குளிர்வித்தது. இந்த வழியில் விலையும் கொடுத்தார்கள். 1963 ஏப்ரல் 10 அன்று கேப் காடுக்குக் கிழக்கே சோதனை ஓட்டத்தில் திரெஷர் மூழ்கியது. 129 பேர் இறந்தார்கள். இயந்திர அறையில் குழாய் இணைப்பு உடைந்து நீர் புகுந்தது, மின்சாரம் கெட்டு உலை நின்றது, மிதவைத் தொட்டிகளுக்குக் காற்றை அனுப்பும் வடிகட்டிகளில் பனி உறைந்து அடைத்துக்கொண்டது என்பது விசாரணை சொன்ன வரிசை. உலை நின்றதும் காற்று போதவில்லை என்பதும் பெரும்பாலோர் ஏற்கும் செய்திகள். முதலில் நடந்தது நீர்க்கசிவா, மின்கோளாறா என்பதில் கருத்து வேறுபாடு இன்றும் இருக்கிறது. சோசஸில் பதிவான ஒலியைத் திரும்பத் திரும்பக் கேட்ட ஒரு பிரிவினர் மின்கோளாறு என்கிறார்கள். அவர்கள் வாதத்தில் வலு இருக்கிறது என்று நினைக்கிறேன். எப்படியானாலும், அதன் பிறகு அமெரிக்கா வகுத்த தரச் சோதனை முறைக்கு முழுமையாக உட்பட்ட ஒரு நீர்மூழ்கியும் இதுவரை கடலில் தொலைந்ததில்லை.

சோவியத் தரப்பு வேகத்தையும் ஆழத்தையும் தேர்ந்தெடுத்ததை அறியாமை என்று எழுதுபவர்களோடு நான் உடன்படுவதில்லை. அவர்களுக்கு இடப்பட்ட பணி வேறு. அமெரிக்க விமானந்தாங்கிக் கப்பல்கள் 30 நாட்டுக்கு மேல் ஓடக்கூடியவை. அவற்றைத் துரத்திப் பிடிக்க வேண்டுமானால் அதைவிட வேகம் வேண்டும். 1968 ஜனவரியில் பசிபிக்கில் ஒரு பழைய சோவியத் அணு நீர்மூழ்கி, முழு வேகத்தில் ஓடிய என்டர்பிரைஸ் விமானந்தாங்கியை விடாமல் பின்தொடர்ந்தபோது வாஷிங்டன் அதிர்ந்தது. வேகமான லாஸ் ஏஞ்சலிஸ் வகை நீர்மூழ்கிகளைக் கட்டும் முடிவுக்கு அந்த அதிர்ச்சி உரமிட்டது. 1970 டிசம்பரில் டைட்டானியத்தால் ஆன கே-162, 44.7 நாட் வேகத்தை எட்டியது. அதை எந்த நீர்மூழ்கியும் முறியடித்ததாகப் பதிவு இல்லை. ஆல்ஃபா வகை நீர்மூழ்கிகள் உருகிய ஈயம்-பிஸ்மத் கலவையால் உலையைக் குளிர்வித்துக்கொண்டு 40 நாட் வேகத்தில் ஓடின. முப்பது பேர் அளவிலான சிறு குழுவே அவற்றை இயக்கியது. துறைமுகத்திலும் அந்த உலோகம் உறையாமல் காத்தாக வேண்டும். அந்த வகையின் முதல் கப்பலில் அது உறைந்துபோய்க் கப்பலே பயனற்றுப்போனது. 1984 ஆகஸ்ட் 4 அன்று, பின்னாளில் கொம்சோமோலெட்ஸ் என்று பெயர்பெற்ற கே-278, 1,020 மீட்டர் ஆழத்துக்கு இறங்கியது. வேறு போர் நீர்மூழ்கி எதுவும் அந்த ஆழத்துக்குப் போனதாகத் தெரியவில்லை. உலோகவியலாக இவை மகத்தான சாதனைகள்.

ஆனால் அவசரம் மாலுமிகளின் உயிரைத் தின்றது. 1961 ஜூலை 4 அன்று கே-19 நீர்மூழ்கியில் உலையின் குளிர்விப்புக் குழாய் வெடித்தது. மாற்றுக் குளிர்விப்பு அமைப்பு பொருத்தப்பட்டிருக்கவில்லை. மாலுமிகள் கதிர்வீச்சுக்குள் போய்க் கையால் குழாய்களைப் பற்றவைத்து உலையைக் காப்பாற்றினார்கள்; எட்டுப் பேர் சில வாரங்களுக்குள் இறந்தார்கள். 1986 அக்டோபரில் பெர்முடாவுக்கு அருகே கே-219இன் ஏவுகணைக் குழாயில் வெடிப்பு நிகழ்ந்தது. இருபது வயது மாலுமி செர்கேய் பிரெமினின் உலை அறைக்குள் சென்று கட்டுப்பாட்டுத் தண்டுகளைக் கையால் இறக்கினார். வெளியே வரும் கதவு அழுத்தத்தால் இறுகிவிட, உள்ளேயே உயிர்விட்டார். கொம்சோமோலெட்ஸ் 1989 ஏப்ரல் 7 அன்று தீப்பற்றி நார்வே கடலில் மூழ்கியதில் 42 பேர் போனார்கள். அவர்களில் பலர் கப்பலிலிருந்து வெளியே வந்த பிறகு குளிர்ந்த நீரில் உதவிக்குக் காத்திருந்தபோது இறந்தவர்கள். தொழில்நுட்ப ஒப்பீடு என்று எழுதும்போது இந்த மனிதர்கள் கணக்கில் வராமல் போவது எனக்கு எப்போதும் வருத்தம் தரும்.

ஏவுகணை நீர்மூழ்கிகள் வந்த பிறகு போட்டியின் தன்மையே மாறியது. ஜார்ஜ் வாஷிங்டன் 1960 ஜூலை 20 அன்று நீருக்கடியிலிருந்து பொலாரிஸ் ஏவுகணையை ஏவியது. அந்த ஆண்டு நவம்பரில் 16 ஏவுகணைகளோடு முதல் ரோந்துக்குப் புறப்பட்டது. 1967க்குள் அப்படிப்பட்ட 41 கப்பல்கள் அமெரிக்காவிடம் இருந்தன. சோவியத்தின் பதில், நேட்டோ யாங்கி என்று பெயரிட்ட வகை, 1967இல்தான் வந்தது. அதன் ஏவுகணைகள் சுமார் 2,400 கிலோமீட்டர்தான் பாயும். எனவே அது கிரீன்லாந்து, ஐஸ்லாந்து, பிரிட்டன் ஆகியவற்றுக்கு இடைப்பட்ட கடல்வழியைத் தாண்டி அமெரிக்கக் கரையை நெருங்கியாக வேண்டும். அந்த வழி முழுவதும் ஹைட்ரோஃபோன்கள். 1978இல் பேட்ஃபிஷ் என்ற அமெரிக்கத் தாக்குதல் நீர்மூழ்கி ஒரு யாங்கி கப்பலைச் சுமார் ஐம்பது நாள் பின்தொடர்ந்து, அதன் ரோந்துப் பழக்கம் முழுவதையும் எழுதிவைத்தது. பின்னால் ஒருவர் வருவது சோவியத் தளபதிக்குத் தெரியவே இல்லை. எந்தக் கப்பலுக்கும் பின்புறம் செவிட்டுப் பகுதி. அங்கே தன் புரொப்பெல்லரின் ஒலியே மற்றதை மறைக்கும். அதனால் சோவியத் தளபதிகள் திடீரெனத் திரும்பிப் பின்னால் வந்து கேட்பார்கள். சில முறை அது மோதலில் முடிந்தது. 1969 நவம்பரில் பாரன்ட்ஸ் கடலில் கே-19 மீது அமெரிக்காவின் கேட்டோ மோதியது. 1970 ஜூனில் கம்சாத்காவுக்கு அருகே டாட்டாக், கே-108 மீது மோதியது. கேட்ட ஒலிகளை வைத்து அந்தச் சோவியத் கப்பல் மூழ்கிவிட்டது என்றே அமெரிக்கர்கள் பல ஆண்டுகள் நம்பினார்கள். அது பத்திரமாகத் திரும்பியது என்பது சோவியத் யூனியன் உடைந்த பிறகே வெளியே தெரிந்தது.

இப்போது வாக்கர் விஷயம். உறுதியானது இது. அமெரிக்கக் கடற்படைத் தொடர்புப் பிரிவில் இருந்த ஜான் வாக்கர் 1967 இறுதியில் வாஷிங்டனின் சோவியத் தூதரகத்துக்குத் தானாக நடந்துபோய், குறியாக்க இயந்திரங்களின் சாவிப் பட்டியல்களை விற்கத் தொடங்கினார். 1985 மே மாதம், முன்னாள் மனைவி கொடுத்த தகவலின் பேரில் கைதாகும் வரை, நண்பரையும் சொந்தக் குடும்பத்தாரையும் சேர்த்துக்கொண்டு அதைத் தொடர்ந்தார். கடற்படையின் இரகசியச் செய்திகளைச் சோவியத் தரப்பு ஏராளமாகப் படித்தது. தங்கள் நீர்மூழ்கிகள் எவ்வளவு எளிதாகப் பின்தொடரப்படுகின்றன என்பது அந்தச் செய்திகளிலிருந்து அவர்களுக்குத் தெளிவாகத் தெரிந்திருக்க வேண்டும் என்பது நியாயமான ஊகம். அது எந்த அளவுக்குக் கப்பல் வடிவமைப்பை மாற்றியது என்பதில்தான் சந்தேகம். சோவியத் ஒலியியலாளர்கள் தங்கள் கப்பல்களின் குறையைத் தாங்களே அளந்து சொல்லிவந்தார்கள். அவர்கள் பேச்சு அமைச்சகங்களில் எடுபடவில்லை, வாக்கர் தந்த காகிதங்கள்தான் எடுபடச் செய்தன என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கு அது பொருந்தி வருகிறது. ஆனாலும் அதை நிரூபிக்கப்பட்ட வரலாறு என்று சொல்ல மாட்டேன்.

ஜப்பானிய இயந்திரக் கதையில் காலவரிசையே பதில் சொல்கிறது. தோஷிபாவின் துணை நிறுவனம் ஒன்றும் நார்வேயின் கோங்ஸ்பெர்க் நிறுவனமும் தடையை மீறி, பல அச்சுகளில் நகர்ந்து புரொப்பெல்லர் செதுக்கும் இயந்திரங்களையும் அவற்றின் கட்டுப்பாட்டுக் கருவிகளையும் லெனின்கிராட் கப்பல்தளத்துக்கு விற்றது உண்மை. அந்த விற்பனை 1980களின் முதல் பாதியில் நடந்தது. 1987இல் அது அம்பலமானபோது அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர்கள் சம்மட்டியால் தோஷிபா வானொலிப் பெட்டியை உடைத்துக் காட்டினார்கள். ஆனால் சோவியத்தின் முதல் உண்மையான அமைதிக் கப்பலான விக்டர்-3 வகை 1970களின் பிற்பகுதியிலேயே கடலில் இருந்தது. இயந்திர மேடை, உடல் முழுவதும் ரப்பர் ஓடு, திருத்திய புரொப்பெல்லர் எல்லாம் அதில் வந்துவிட்டன. 1984 இறுதியில் படையில் சேர்ந்த அகுலா வகையின் வடிவமைப்பும் அந்த விற்பனைக்கு முன்பே தொடங்கியது. பிந்தைய கப்பல்களின் புரொப்பெல்லர்கள் அந்த இயந்திரங்களால் மேம்பட்டிருக்கலாம். ஆனால் சோவியத் அமைதியின் பிறப்புக்கு அவற்றைக் காரணம் காட்டுவது காலக்கணக்குக்கு ஒத்துவராது. ஆகவே உங்கள் கேள்விக்கு நேரான பதில்: உளவு இல்லாவிட்டாலும் அவர்கள் எட்டியிருப்பார்கள், சில ஆண்டுகள் பிந்தியிருக்கலாம்.

பலர் விட்டுவிடும் இன்னொன்றும் உண்டு. 1970களில் வந்த டெல்டா வகையின் ஏவுகணைகள் 7,800 கிலோமீட்டர் பாய்ந்தன. பாரன்ட்ஸ் கடலிலும் ஒகோட்ஸ்க் கடலிலும் சொந்தக் கப்பல்களின் காவலில் நின்றபடியே அமெரிக்காவைத் தாக்கலாம் என்றானதும், ஹைட்ரோஃபோன் வலையைத் தாண்டும் தேவையே அந்தக் கப்பல்களுக்கு இல்லாமல் போனது. ஒலியில் தோற்றதைத் தூரத்தால் ஈடுகட்டினார்கள். அமெரிக்கர்கள் அந்தக் கோட்டைகளுக்குள்ளும் போனார்கள். 1970களின் தொடக்கத்தில் ஹாலிபட் நீர்மூழ்கி, ஒகோட்ஸ்க் கடலின் அடியில் சென்ற சோவியத் தொலைபேசிக் கம்பியில் ஒட்டுக்கேட்கும் கருவியைப் பொருத்தியது. ரொனால்ட் பெல்டன் என்ற முன்னாள் உளவுத்துறை ஊழியர் அதைச் சோவியத்துக்கு விற்றுவிடும் வரை அந்த ஏற்பாடு நடந்தது.

நீங்கள் இணையத்தில் படித்திருக்கக்கூடிய இரண்டு கதைகளைப் பற்றியும் எச்சரித்துவிடுகிறேன். 1968 மார்ச்சில் சோவியத்தின் கே-129 பசிபிக்கில் மூழ்கியது. மே மாதம் அமெரிக்காவின் ஸ்கார்ப்பியன் 99 பேரோடு அசோர்ஸ் தீவுகளுக்குத் தென்மேற்கே மூழ்கியது. முதலாவதற்குப் பழிவாங்கவே இரண்டாவது மூழ்கடிக்கப்பட்டது என்று எழுதுகிறார்கள். அதற்கு ஆதாரம் ஏதும் வெளியானதில்லை. ஸ்கார்ப்பியன் ஏன் மூழ்கியது என்பது தீர்ந்த கேள்வி அன்று. உள்ளே ஏற்பட்ட வெடிப்பு என்பது வரை பலர் ஒப்புவார்கள், டார்பிடோவா மின்கலமா என்பதில் பிரிவார்கள். கே-129இன் ஒரு பகுதியை 1974இல் குளோமார் எக்ஸ்ப்ளோரர் கப்பல் கொண்டு சுமார் ஐந்து கிலோமீட்டர் ஆழத்திலிருந்து சிஐஏ தூக்கியதும், கிடைத்த ஆறு மாலுமிகளின் உடல்களைக் கடலில் முறையாக அடக்கம் செய்ததும் உண்மை. இரண்டாவது கதை, 1962 அக்டோபர் 27 அன்று கியூபாவுக்கு அருகே பி-59 டீசல் நீர்மூழ்கியில் வசிலி அர்கிப்போவ் உலகைக் காப்பாற்றியது. கப்பலில் அணு டார்பிடோ இருந்தது, மேலே அமெரிக்கக் கப்பல்கள் எச்சரிக்கை வெடிகளைப் போட்டன, அர்கிப்போவ் உள்ளே இருந்தார், கப்பல் சுடாமல் மேலே வந்தது என்பவை உறுதி. டார்பிடோவைத் தயார்செய்யச் சொல்லி ஆணை போனது என்பது பெரும்பாலும் ஒரு சக அதிகாரியின் பிற்கால வாக்குமூலம். நான் அதை நம்பவே சாய்கிறேன். ஆனால் மூன்று அதிகாரிகள் வாக்கெடுத்தார்கள் என்ற நாடக வடிவத்தை நம்பத் தயங்குகிறேன்.

அதேபோல, ஒவ்வொரு நீர்மூழ்கிக்கும் இத்தனை டெசிபல் என்று சுற்றிவரும் வரைபடங்களை நம்பி வாதிடாதீர்கள். எந்த வேகத்தில், எந்த அதிர்வெண் பட்டையில் அளந்தது என்று சொல்லாத டெசிபல் எண்ணுக்கு எங்கள் துறையில் பொருள் கிடையாது. உண்மையான எண்கள் எந்த நாட்டிலும் வெளியாவதில்லை.

1980களின் இறுதியில் இடைவெளி பெரிதும் குறைந்துவிட்டது. 1992 பிப்ரவரியில் மூர்மான்ஸ்க் கடற்பகுதிக்கு அருகே அமெரிக்காவின் பேட்டன் ரூஜும் ரஷ்யாவின் கே-276உம் மோதிக்கொண்டன. 1993 மார்ச்சில் கிரேலிங், ரஷ்ய ஏவுகணை நீர்மூழ்கி கே-407 மீது மோதியது. ஏப்ரலில் வான்கூவரில் சந்தித்தபோது கிளிண்டன் யெல்ட்சினிடம் வருத்தம் தெரிவித்தார். தொலைவிலேயே கேட்டுவிடும் காலத்தில் துரத்துபவர் தள்ளியே நிற்கலாம். கப்பல்கள் அமைதியானதும், கேட்பதற்கே மிக அருகில் போக வேண்டியதாயிற்று. அந்த நேரத்தில் சோவியத் யூனியனிடம் நல்ல கப்பல்கள் இருந்தன, அவற்றைப் பராமரிக்கப் பணம் இல்லை. போட்டி முடிந்தது கப்பல்தளத்தில் அன்று, கருவூலத்தில்தான்.

இந்தியாவைப் பற்றி: 1988 முதல் 1991 வரை சோவியத்திடமிருந்து குத்தகைக்கு வந்த சக்ரா என்ற அணு நீர்மூழ்கியில்தான் நம் மாலுமிகள் பயின்றார்கள். 2012இல் அதே பெயரில் வந்தது ஓர் அகுலா. விசாகப்பட்டினத்தில் நாமே கட்டிய அணு நீர்மூழ்கியான அரிஹந்த்தின் உலைக்கு நிலத்தில் மாதிரி அமைத்தது கல்பாக்கத்தில். ஐடஹோவில் ரிக்கோவர் செய்த அதே வழி. மூழ்கியிருக்கும் கப்பலுக்கு மிகத் தாழ்ந்த அதிர்வெண்ணில் செய்தி அனுப்பும் கட்டபொம்மன் கடற்படை நிலையம் திருநெல்வேலி மாவட்டத்தில் விஜயநாராயணத்தில் இருக்கிறது. ஒலியைப் பொறுத்தவரை, அட்லாண்டிக் பாடங்கள் வங்கக்கடலுக்கு அப்படியே பொருந்தாது. ஆறுகள் கொண்டுவரும் நன்னீர் மேலே பரவி உப்புநீர் கீழே நிற்பதால், மேலடுக்கில் ஒலி வளையும் விதம் பருவத்துக்குப் பருவம் மாறுகிறது. ஒலி வாய்க்காலும் அட்லாண்டிக்கில் இருப்பதைவிட ஆழத்தில் இருக்கிறது. இங்கே ஒளிவதும் கேட்பதும் தனியாகப் படிக்க வேண்டிய பாடம்.